கல்லூரி ஃபுட்பால் இறுதிப் போட்டி: டிக்கெட் முதல் கூடுதல் நேரம் வரை

அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலின் (நம் கால்பந்து அல்ல, பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் எறிந்தும் ஆடுவது) தேசிய இறுதிப் போட்டியை நேரில் பார்ப்பது பற்றியும், நம் ஊரிலிருந்து டிவியில் பார்ப்பது பற்றியும் வாசகர்கள் கேட்டவற்றுக்கு இங்கே பதில்கள். அங்கே படிக்கும் பிள்ளைகளைப் பார்க்க ஜனவரியில் போகும் பெற்றோரின் கேள்விகளே அதிகம் என்பதால் அவற்றுக்கு முதலிடம்.

மகன் கொலம்பஸில் ஒஹாயோ ஸ்டேட்டில் எம்.எஸ். படிக்கிறான். அடுத்த குளிர்காலத்தில் நாங்கள் அங்கே இருப்போம். அவர்கள் அணி இறுதிக்கு வந்தால் குடும்பத்தோடு போக ஆசை. எப்போது, எப்படி ஏற்பாடு செய்வது?
– வாசகி, திருச்சி

எந்த நாள், எந்த ஊர் என்பது பல மாதங்களுக்கு முன்பே தெரிந்துவிடும். மோதும் இரண்டு அணிகள் யார் என்பது ஏறக்குறைய பத்து நாளுக்கு முன்புதான் தெரியும். செலவு, தவிப்பு, ஏமாற்றம் எல்லாம் இந்த இடைவெளியில்தான் பிறக்கின்றன.

2024 சீசன் முதல் பிளேஆஃபில், அதாவது சாம்பியனை முடிவு செய்யும் நாக்அவுட் சுற்றுகளில், 12 அணிகள் ஆடுகின்றன. டிசம்பர் தொடக்கத்தில் கான்பரன்ஸ் எனப்படும் கல்லூரிக் குழுக்களின் இறுதிகள் முடிந்த மறுநாள், ஞாயிற்றுக்கிழமை, தேர்வுக் குழு பட்டியலை அறிவிக்கும். முதல் நான்கு இடத்து அணிகள் நேராகக் காலிறுதிக்குப் போகும். 5 முதல் 8 வரை உள்ளவை தங்கள் சொந்த மைதானத்தில் முதல் சுற்று ஆடும். காலிறுதியும் அரையிறுதியும் ரோஸ், சுகர், ஆரஞ்சு, காட்டன், பீச், ஃபியஸ்டா ஆகிய ஆறு பௌல் போட்டிகளாக (நெடுங்கால மரபுள்ள சீசன் இறுதிப் போட்டிகள்) நடக்கும். இறுதி நடக்கும் ஸ்டேடியம் முன்கூட்டியே முடிவான பொது இடம். 2026 ஜனவரியில் மயாமி அணி தான் வழக்கமாக ஆடும் ஹார்ட் ராக் ஸ்டேடியத்திலேயே இறுதி ஆடும்படி அமைந்தது தற்செயல். அங்கும் இண்டியானாதான் 27–21 என வென்றது.

ஆகவே முதலில் எடுக்க வேண்டியது ரத்து செய்தால் பணம் திரும்பி வரும் ஹோட்டல் அறை. டிசம்பர் பட்டியல் வந்தவுடனே எடுத்துவிடுங்கள். ரத்து செய்யக் கடைசி நாள் அரையிறுதிக்குப் பிறகு வருகிறதா என்று பாருங்கள். பல ஹோட்டல்கள் இந்த வாரத்துக்கு மட்டும் அந்தக் கெடுவை முன்னுக்கு இழுத்துவிடும். விமான டிக்கெட்டையும் மாற்ற வசதியுள்ள வகையில் எடுங்கள். போட்டி டிக்கெட்டைக் கடைசியில் வைத்துக்கொள்ளலாம். மகன் மாணவர் என்பதால் அவனுக்குத் தனி வழி உண்டு: இறுதிக்கு வரும் கல்லூரி தன் பங்கு டிக்கெட்டில் ஒரு பகுதியை மாணவர்களுக்கு ஒதுக்கும், பெரும்பாலும் குலுக்கலில். விண்ணப்பிக்க ஓரிரு நாள்தான் தருவார்கள். பல்கலைக்கழக மின்னஞ்சலை அரையிறுதி நாள் இரவே திறந்து பார்க்கச் சொல்லுங்கள். அந்த டிக்கெட் மாணவனுக்கு மட்டும்தான். உங்களுக்கு அதில் இடம் கிடைக்காது. நீங்களும் அவனும் சேர்ந்து உட்கார வேண்டுமென்றால் மூவருக்கும் வெளியில்தான் வாங்க வேண்டும்.

மறுவிற்பனையில் டிக்கெட் வாங்கலாமா? ஏமாந்துவிடுவோமோ என்று பயமாக இருக்கிறது.
– வாசகர், எடிசன், நியூ ஜெர்சி

வாங்கலாம். பெரும்பாலான பொதுமக்கள் அப்படித்தான் போகிறார்கள். ஆனால் பெரிய தளங்களில், டிக்கெட் உங்கள் கணக்குக்கே மாற்றப்படும் விதத்தில் மட்டும் வாங்குங்கள். இப்போது எல்லாமே கைபேசி டிக்கெட். பார்கோடு சில விநாடிக்கு ஒருமுறை மாறிக்கொண்டே இருப்பதால் ஸ்கிரீன்ஷாட் வாயிலில் செல்லாது. யாராவது வாட்ஸ்அப்பில் டிக்கெட்டின் படத்தை அனுப்பிப் பணம் கேட்டால் அந்தப் பேச்சை அங்கேயே நிறுத்திவிடுங்கள்.

விலையைப் பொறுத்தவரை ஒரு இருக்கை ஆயிரம் டாலரைத் தாண்டுவது இந்தப் போட்டியில் சாதாரணம். அரையிறுதி முடிந்த இரவு, வென்ற அணியின் ரசிகர்கள் எல்லாரும் ஒரே நேரத்தில் தேடுவதால் விலை ஏறும். அந்த இரவில் வாங்க வேண்டாம். இரண்டு அணிகளில் ஒன்றாவது போட்டி நடக்கும் ஊருக்குத் தொலைவிலிருந்து வருகிறது என்றால் கடைசி இரண்டு நாளில் விலை இறங்க வாய்ப்பு அதிகம். காரில் வரக்கூடிய தொலைவிலேயே இரண்டு அணியும் இருந்தால் காத்திருப்பதில் லாபம் இல்லை. பார்க்கும் விலையில் கட்டணங்கள் சேர்ந்துவிட்டனவா என்று பணம் கட்டும் பக்கம் வரை போய்ச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

டிக்கெட் வந்தவுடன் கைபேசியின் வாலட்டில் சேமித்துவிடுங்கள். வாயிலில் அறுபதாயிரம் பேர் ஒரே டவரைப் பிடிக்கும்போது இணையம் திணறும். வாலட்டில் இருந்தால் இணையம் இல்லாமலும் திறக்கும். நான்கு பேரின் டிக்கெட்டையும் ஒரே கைபேசியில் வைத்திருந்தால் நால்வரும் ஒன்றாக நுழைய வேண்டியிருக்கும். ஆளுக்கொன்றாக மாற்றிவிடுவதே நல்லது.

2027 இறுதி லாஸ் வேகாஸில் என்கிறார்கள். அங்கே போவதில் கவனிக்க வேண்டியவை?
– வாசகர், டாலஸ்

ஜனவரி 25, 2027, திங்கட்கிழமை, அலீஜியன்ட் ஸ்டேடியம். கூரை மூடிய, குளிரூட்டப்பட்ட அரங்கம். ஏறக்குறைய 65,000 பேர் அமரலாம். கிழக்கு நேரப்படி இரவு 7:30-ஐ ஒட்டித் தொடங்குவது இந்தப் போட்டியின் வழக்கம் என்பதால் வேகாஸில் அது மாலை 4:30. 2023-இல் லாஸ் ஏஞ்சலஸ் பக்கம் நடந்தபோதும் இதே கணக்குதான். வேலை முடித்துவிட்டுப் போகலாம் என்று நினைக்காதீர்கள். மதியம் ஒன்றரைக்கெல்லாம் கிளம்ப வேண்டும். மறுபக்கம், ஒன்பது மணிக்குள் வெளியே வந்து நிதானமாகச் சாப்பிடலாம்.

பெரிய ஹோட்டல்கள் வரிசையாக உள்ள ஸ்ட்ரிப் பகுதியின் தென்கோடியில் மாண்டலே பே ஹோட்டல் அருகில் தங்கினால் கார் தேவையே இல்லை. போட்டி நாளில் ஹசியெண்டா அவென்யூ பாலத்தில் வண்டிகளை நிறுத்திவிட்டு நடப்பவர்களுக்கு விடுவார்கள். பத்துப் பதினைந்து நிமிட நடை. திரும்பும்போது ஸ்டேடியம் வாசலிலிருந்து ஊபர் அழைப்பதுதான் பலரும் மாட்டிக்கொள்ளும் இடம்: கட்டணம் பல மடங்கு ஏறும், வண்டியும் நகராது. பாலத்தைக் கடந்து ஸ்ட்ரிப்புக்கு வந்தபின் அழையுங்கள். அரங்கினுள் ரொக்கம் செல்லாது. இந்தியாவிலிருந்து வந்த பெற்றோர் கையில் டாலர் நோட்டு மட்டும் வைத்திருந்தால் ஒரு தண்ணீர் பாட்டில் வாங்கக்கூடத் திண்டாடுவார்கள். அவர்களிடம் ஒரு கார்டைக் கொடுத்து வையுங்கள்.

உள்ளே எதையெல்லாம் கொண்டுபோகலாம்? எத்தனை மணி நேரம் முன்பு போக வேண்டும்?
– வாசகி, அட்லாண்டா

உள்ளே தெரியும் பிளாஸ்டிக் பை ஒன்று. அளவு 12 அங்குல நீளம், 12 அங்குல உயரம், 6 அங்குல அகலம். அல்லது ஒரு கேலன் கொள்ளும் ஜிப் பை. இதைத் தவிர உள்ளங்கை அளவுள்ள சின்ன பர்ஸ் ஒன்று. சாதாரண ஹேண்ட்பேக், முதுகுப்பை, லேப்டாப் பை எதுவும் ஆகாது. வாயிலில் வைத்துவிட்டுப் போக இடமும் இருக்காது. காருக்கோ ஹோட்டலுக்கோ திரும்ப நடக்க வேண்டும். குடை, ஸ்டீல் டிபன் பாக்ஸ், வீட்டுச் சாப்பாடு ஆகியவற்றை விட்டுவிடுங்கள். மாத்திரை, இன்சுலின் போன்றவற்றை மருந்துக்கடை உறையோடு கொண்டுபோய், மருத்துவப் பொருள்களுக்கான சோதனை வரிசை எது என்று கேட்டு அதில் நில்லுங்கள். நீண்ட லென்ஸ் வைத்த கேமராவும் வேண்டாம்.

நேரம்: ஆட்டம் தொடங்க இரண்டரை மணி நேரம் முன்பே வாயிலில் இருங்கள். 2018 ஜனவரியில் அட்லாண்டாவில் அலபாமா–ஜார்ஜியா இறுதிக்கு அமெரிக்க அதிபர் வந்தார். பாதுகாப்புச் சோதனை இறுகியது; பல்லாயிரம் பேர் குளிர் மழையில் நெடுநேரம் வெளியே நின்றார்கள். உள்ளரங்கப் போட்டிதானே என்று மெல்லிய சட்டையோடு வந்தவர்கள் நடுங்கியது அரங்கத்துக்குள் இல்லை, வரிசையில். கூரை உள்ள ஸ்டேடியமானாலும் மழைக்கோட்டு ஒன்றை மடித்துப் பையில் போட்டுக்கொள்ளுங்கள்.

கார் நிறுத்துமிடத்தில் அடுப்பு மூட்டிச் சாப்பிடும் டெயில்கேட் எல்லா இறுதியிலும் கிடையாது. 2023-இல் சோஃபை ஸ்டேடியத்தில் அதற்கு அனுமதி இல்லை. பார்க்கிங் அனுமதிச் சீட்டில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துவிட்டு இறைச்சியையோ பனீரையோ ஊறவையுங்கள்.

அம்மாவுக்கு எழுபது வயது, முழங்கால் வலி, சைவம். அழைத்துப்போகலாமா?
– வாசகி, கோவை

அழைத்துப்போகலாம், இருக்கையைச் சரியாக எடுத்தால். அணிகளுக்கு ஒதுக்கிய பகுதியில், குறிப்பாக மாணவர்கள் பக்கம், ஆட்டம் முழுக்க எல்லாரும் நின்றுகொண்டேதான் பார்ப்பார்கள். அங்கே உட்கார்ந்தால் முன்னால் இருப்பவரின் முதுகுதான் தெரியும். மேல் அடுக்கோ செங்குத்து. படிகளில் கைப்பிடி எல்லா இடத்திலும் இருக்காது. நடு அடுக்கில், வரிசையின் ஓரத்தில், நுழையும் வழிக்கு அருகில் எடுங்கள். மைதானத்தை ஒட்டிய முதல் சில வரிசைகள் விலை அதிகமே தவிரப் பார்வைக்கு உதவாது. ஓரத்தில் நிற்கும் வீரர்களும் பயிற்சியாளர்களும் மறைப்பார்கள். படியே ஏற முடியாது என்றால் மாற்றுத்திறனாளிகளுக்கான இருக்கை, கூட வருபவருக்கும் சேர்த்து விற்கப்படும், லிஃப்டும் உண்டு.

சாப்பாட்டுக்கு சீஸ் பீட்ஸா, நாச்சோஸ், பிரெட்ஸல், பாப்கார்ன், உருளைக்கிழங்கு வறுவல் கிடைக்கும். நாச்சோஸில் சில்லி என்ற இறைச்சிக் குழம்பை ஊற்றிவிடுவார்கள். வேண்டாம் என்று முதலிலேயே சொல்ல வேண்டும். போட்டி ஏறக்குறைய நாலு மணி நேரம் ஓடும். கழிப்பறைக்கு இடைவேளையில் போகாதீர்கள். இரண்டாம் கால் பகுதியின் நடுவில், டிவி விளம்பர இடைவேளை விடும்போது போய் வந்துவிடுங்கள்.

கிரிக்கெட் மட்டும்தான் தெரியும். நாலு மணி நேரம் எதைப் பார்க்க வேண்டும்?
– வாசகர், மதுரை

இரண்டு எண்கள் போதும்: எத்தனையாவது டவுன், இன்னும் எத்தனை யார்டு. பந்து வைத்திருக்கும் அணிக்கு நான்கு முயற்சி, ஒவ்வொன்றும் ஒரு டவுன். அதற்குள் 10 யார்டு முன்னேறினால் மறுபடி நான்கு. மூன்றாவது டவுனில் 7 யார்டு மீதம் என்றால் பந்தை எறியப்போகிறார்கள் என்று அரங்கமே அறியும். எதிரணி ரசிகர்கள் தொண்டை கிழியக் கத்துவது அப்போதுதான், பந்தை எறிந்து தாக்குதலை நடத்தும் குவார்ட்டர்பேக் தன் ஆட்களுக்குச் சொல்வது கேட்கக்கூடாது என்பதற்காக. நான்காவதில் பெரும்பாலும் பந்தைத் தொலைவாக உதைத்து எதிரணிக்குக் கொடுத்துவிடுவார்கள், அல்லது கம்பங்களுக்கு நடுவே உதைத்து 3 புள்ளி எடுக்கப் பார்ப்பார்கள். பந்தை எதிரணியின் கடைசிக் கோட்டுக்கு அப்பால் கொண்டுபோவது டச்டவுன், 6 புள்ளி. அதன்பின் ஒரு உதைக்கு 1. உதைக்காமல் 3 யார்டு கோட்டிலிருந்து ஓடியோ எறிந்தோ மறுபடி உள்ளே நுழைந்தால் 2.

இந்தப் புள்ளிக் கணக்கு எப்படி ஆட்டத்தை ஆட்டிவைக்கும் என்பதற்கு 2025 ஜனவரி இறுதியைவிட நல்ல பாடம் இல்லை. நோட்ர டேம் பந்து கைக்கு வந்த முதல் முறையே 18 பிளே (ஒவ்வொரு முயற்சியும் ஒரு பிளே) ஆடி, 9 நிமிடம் 45 விநாடி பந்தைக் கையில் வைத்திருந்து டச்டவுன் அடித்தது. எதிரணித் தாக்குதலை வெளியே உட்காரவைக்கும் தந்திரம் அது. ஆனால் ஒஹாயோ ஸ்டேட் வரிசையாக அடித்து 31–7 எனப் போய்விட்டது. 24 புள்ளி பின்தங்கியவர்கள் டச்டவுனுக்குப் பின் 1 அல்ல, 2 முயல வேண்டும். மூன்று முறை 8 எடுத்தால் 24. முயன்றார்கள், கிடைத்தது: 31–15. இப்போது வித்தியாசம் 16, அதாவது இரண்டு டச்டவுன், இரண்டு இரட்டைப்புள்ளி. கடைசிக் கால் பகுதியில் கோட்டுக்கு 9 யார்டு இருக்கையில் நான்காவது டவுன் வந்தது. 3 புள்ளிக்கு உதைத்தார்கள். அது விழுந்திருந்தாலும் வித்தியாசம் 13 ஆகியிருக்கும், அப்போதும் இரண்டு டச்டவுன் தேவைதான். அது கம்பத்தில் பட்டுத் தெறித்தது. என் கணிப்பில் ஆட்டம் கைவிட்டுப்போன இடம் அதுவே. உதை தவறியதால் அல்ல, உதைக்க முடிவெடுத்ததால். பின்னர் 31–23 வரை வந்தார்கள். ஒரு முறை தடுத்து நிறுத்தினால் சமன் செய்ய வழி இருந்தது. மூன்றாவது டவுன், 11 யார்டு மீதம் என்ற நிலையில் ஜெரமையா ஸ்மித்துக்கு 56 யார்டு எறிந்து அந்த வழியை ஒஹாயோ ஸ்டேட் அடைத்தது. முடிவு 34–23.

திரையில் புள்ளி வித்தியாசம் 8 அல்லது அதற்குக் கீழ் என்றால் பந்து ஒரு முறை கைக்கு வந்தாலே எட்டக்கூடியது. 9 முதல் 16 வரை என்றால் இரண்டு முறை. இதை மனதில் வைத்துக்கொண்டால் கடைசிப் பத்து நிமிடத்தில் பயிற்சியாளர்கள் எடுக்கும் ஒவ்வொரு முடிவும் உங்களுக்கு விளங்கும்.

டிவியில் தெரியும் மஞ்சள் கோடு அரங்கில் இருக்குமா?
– வாசகர், சிங்கப்பூர்

இருக்காது. 10 யார்டு எங்கே முடிகிறது என்று காட்ட அது கணினி வரைவது. அரங்கில் பக்கவாட்டுக் கோட்டருகே இரண்டு ஆரஞ்சுக் கம்புகளைச் சங்கிலியோடு பிடித்து நிற்பார்கள். சங்கிலி நீளம் சரியாக 10 யார்டு. முன்னால் உள்ள கம்பைத் தாண்ட வேண்டும், அவ்வளவுதான். ஆட்டம் காரணமில்லாமல் நிற்பதுபோல் தோன்றினால் மைதானத்துக்குள் சிவப்புத் தொப்பியோடு ஒருவர் நிற்கிறாரா பாருங்கள். டிவி விளம்பரம் ஓடுகிறது என்று பொருள்.

தொழில்முறை என்.எஃப்.எல். பார்த்துப் பழகியவன். கல்லூரி விதிகளில் என்ன வேறுபாடு?
– வாசகர், டொராண்டோ

பந்தைப் பிடிப்பவரின் ஒரு கால் கோட்டுக்குள் பட்டால் போதும், என்.எஃப்.எல்லில் இரண்டு. பந்து வைத்திருப்பவர் தானாகச் சறுக்கி முழங்கால் தரையில் பட்டாலும் பிளே முடிந்தது, எதிராளி தொட வேண்டியதில்லை. தலையைக் குறிவைத்து இடித்தது மறுபார்வையில் உறுதியானால் 15 யார்டோடு அந்த வீரரே ஆட்டத்திலிருந்து வெளியே. முதல் டவுன் கிடைத்தால் கடிகாரம் நிற்கும் பழைய வழக்கம் 2023 முதல் ஒவ்வொரு பாதியின் கடைசி 2 நிமிடத்துக்கு மட்டும்.

பெரிய வேறுபாடு கூடுதல் நேரம். கடிகாரமே கிடையாது. இரு அணிக்கும் எதிரணியின் 25 யார்டு கோட்டிலிருந்து ஒவ்வொரு வாய்ப்பு. இரண்டாம் சுற்றிலிருந்து டச்டவுனுக்குப் பின் இரட்டைப்புள்ளி கட்டாயம். மூன்றாம் சுற்றிலிருந்து அந்த இரட்டைப்புள்ளி முயற்சி மட்டுமே மாறி மாறி. 2018 இறுதியின் கூடுதல் நேரத்தில் ஜார்ஜியா 3 புள்ளி எடுத்தது. அலபாமா முதல் டவுனிலேயே 16 யார்டு பின்னே தள்ளப்பட்டது. அடுத்த பிளேயில், இரண்டாம் பாதியில்தான் இறக்கப்பட்ட டுவா டாகோவைலோவா 41 யார்டு எறிந்து டச்டவுன், 26–23. அப்படி ஒரே எறியில் முடியக்கூடியது என்பதால் கூடுதல் நேரம் வந்தபின் இருக்கையை விட்டு எழாதீர்கள்.

இடைவேளையில் பெரிய பாடகர் யாராவது வருவார்களா?
– வாசகி, கொழும்பு

அது என்.எஃப்.எல். இறுதியான சூப்பர் பௌல். இங்கே இடைவேளை இரண்டு கல்லூரிகளின் அணிவகுப்பு இசைக்குழுக்களுக்கு உரியது, 20 நிமிடம். ஒஹாயோ ஸ்டேட் குழுவினர் நடந்தபடியே தங்கள் மாநிலப் பெயரைக் கூட்டெழுத்தில் எழுதுவது 1936 முதல் தொடரும் வழக்கம். நடுவில் வரும் எழுத்துக்குப் புள்ளி வைக்கப் உடம்பைச் சுற்றி மாட்டும் பெரிய பித்தளைக் குழலான சூசஃபோனோடு ஒருவர் ஓடிவருவார். அது அவர்கள் ஊரில் ஆடும்போது தவறாமல் நடக்கும். மேல் அடுக்கு இருக்கைக்குக் கிடைக்கும் நன்மை இது: எழுத்து முழுசாகத் தெரியும்.

சென்னையில் நேரலையாகப் பார்க்க எத்தனை மணிக்கு எழ வேண்டும்?
– வாசகர், சென்னை

செவ்வாய்க்கிழமை காலை 6 மணிக்கு டிவி முன் இருந்தால் போதும். பந்து உதைபட 6:15 ஆகலாம். பத்து மணி வரை நீளும், அலுவலகத்தில் முன்பே சொல்லி வையுங்கள். இலங்கையிலும் இதே நேரம். துபாயில் அதிகாலை 4:30, சிங்கப்பூர், மலேசியாவில் காலை 8:30. அமெரிக்காவில் 2015-இன் முதல் இறுதியிலிருந்து ஒளிபரப்பு இஎஸ்பிஎன்னிடம். மற்ற நாடுகளில் உரிமை கைமாறிக்கொண்டே இருப்பதால், பிளேஆஃப் முதல் சுற்றையே ஒத்திகையாக வைத்து உங்கள் செயலியில் படம் வருகிறதா என்று டிசம்பரிலேயே பார்த்துவிடுங்கள்.

இணைய ஒளிபரப்பு அரங்கைவிட அரை நிமிடமோ அதற்கு மேலோ பின்தங்கும். அமெரிக்காவில் இருக்கும் உறவினர்களின் வாட்ஸ்அப் குழு உங்களுக்கு முன்பே டச்டவுனைச் சொல்லிவிடும். நான்கு மணி நேரம் அந்தக் குழுவை ஒலியடக்கி வையுங்கள், ஸ்கோர் செயலியின் அறிவிப்பையும் சேர்த்து.

இறுதிக்குச் செலவழிக்க வசதி இல்லை. மாணவர்களுக்கு வேறு வழி?
– வாசகர், ஆஸ்டின்

டிசம்பரில் கல்லூரி மைதானத்திலேயே நடக்கும் முதல் சுற்றுக்குப் போங்கள். கல்லூரி ஃபுட்பாலின் உயிரோட்டம் இறுதியைவிட அங்கேதான் அதிகம் என்பது என் கருத்து: சொந்த மைதானம், சொந்த இசைக்குழு, தோற்றால் சீசன் முடிந்தது என்ற பதற்றம், விடுதியிலிருந்து நடக்கும் தொலைவு. 2024 டிசம்பரில் இப்படி முதல்முறை நான்கு ஆட்டங்கள் நடந்தன. உங்கள் ஆஸ்டினிலேயே டெக்சஸ் 38–24 என கிளெம்சனை வென்றது. நான்கிலும் வீட்டுக்கார அணிதான் ஜெயித்தது.

தடங்கல்கள் இரண்டு. செமஸ்டர் முடிந்து விடுதிகள் காலியாகும் நேரம் என்பதால் ஊருக்குப் போகும் டிக்கெட்டைப் போட்டி நாளுக்குப் பிறகு வைத்துக்கொள்ளுங்கள். வடக்கே என்றால் குளிர். ஒஹாயோ ஸ்டேட்–டென்னசி ஆட்டம் உறைநிலைக்குக் கீழே, இரவில் நடந்தது. உட்காரும் அலுமினியப் பலகையும் கால் வைக்கும் கான்கிரீட்டும் உடம்புச் சூட்டை உறிஞ்சிவிடும். ஒரு துண்டு அட்டையைக் காலுக்குக் கீழே போட்டு நின்றால் பாதிக் குளிர் குறையும். பருத்தி சாக்ஸ் வேர்வையில் நனைந்து இன்னும் குளிரும். கம்பளி சாக்ஸ், அதற்கு வெளியே விரல் பக்கம் கால் விரலுக்கான சூட்டுப் பொட்டலம் (தோலில் நேராகப் படக்கூடாது), ஷூ சற்றுத் தளர்வாக. பொட்டலத்தை அறையிலேயே பிரித்து வைத்துவிடுங்கள். அது காற்றுப் பட்டுச் சூடேறக் கால் மணி நேரமாவது ஆகும்.